காதுக்குப் பணிந்த இருட்டறை



ஹாலிவுட் ஸ்டூடியோக்களின் பொற்காலம் என்று பேச்சு வந்தால் முதலில் நட்சத்திரங்களின் பெயர்கள் வரும். அடுத்து இயக்குநர்கள். விவரம் தெரிந்தவர்கள் ஒளிப்பதிவாளர்களின் பெயர்களையும் சேர்த்துக்கொள்வார்கள். எடுத்த பிலிமை இரவோடு இரவாகக் கழுவிக் கொடுத்த லேப் ஆட்களைப் பற்றிப் பேச்சே எழாது. படத்தின் பெயர்ப் பட்டியலிலும் அவர்களுக்குப் பெரும்பாலும் இடம் இருந்ததில்லை. இன்று நான் பேச எடுத்துக்கொண்டது அவர்களுடைய வேலையைத்தான்.

1920களின் நடுவிலிருந்து 1950களின் நடுவரை என்று காலத்தை வைத்துக்கொள்வோம். இந்த முப்பது ஆண்டுகளில் பிலிம் கழுவும் தொழில் அடியோடு மாறிப்போனது. எதனால் மாறியது என்று தேடிப் போனால், வியப்பான இடத்துக்கு வந்து சேர்கிறோம். கண்ணால் பார்க்கும் படத்தைக் கழுவுகிற முறையைத் திருத்தியது காது. பேசும் படம் வந்திராவிட்டால் இந்த வேலை இன்னும் வெகுகாலம் கைத்தொழிலாகவே நீடித்திருக்கும் என்பது என் துணிபு.

அடிப்படையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கேமராவுக்குள் ஒளி பட்ட பிலிமில் கண்ணுக்கு எதுவும் தெரியாது. ஒளி பட்ட வெள்ளி உப்புத் துகள்களை டெவலப்பர் கறுத்த வெள்ளியாக மாற்றும். ஒளி படாத உப்பை ஹைப்போ கரைத்து நீக்கும். பிறகு நல்ல தண்ணீரில் அலசல், உலர்த்தல். கையில் கிடைப்பது நெகட்டிவ். அதை இன்னொரு பிலிமோடு ஒட்டவைத்து ஒளி பாய்ச்சி, அந்தப் பிலிமையும் இதேபோல் கழுவினால் பிரிண்ட். மர்மம் ஏதும் இல்லை. ஆனால் ஒரு அடி நீளத்தில் 16 பிரேம்கள், ஒரு நிமிடத்துக்கு 90 அடி, ஒரு படத்துக்குப் பல்லாயிரம் அடி நெகட்டிவ், ஊர் ஊராக அனுப்ப நூற்றுக்கணக்கான பிரதிகள் என்று எண்ணிப் பாருங்கள். அத்தனையும் ஒரே தரத்தில் வர வேண்டும்.

மௌனப் படக் காலத்தில் இதை எப்படிச் செய்தார்கள்? மரச் சட்டங்களில். ஏறத்தாழ 200 அடி பிலிமை ஒரு பெரிய சட்டத்தில் வரிசை வரிசையாகச் சுற்றி, ஆள் உயரத் தொட்டியில் நிறைத்த டெவலப்பருக்குள் இறக்குவார்கள். தொழிலாளி அவ்வப்போது சட்டத்தை ஆட்டுவார், தூக்குவார், மங்கலான சிவப்பு விளக்கின் எதிரே பிடித்து உருவம் எந்த அளவுக்கு ஏறியிருக்கிறது என்று பார்ப்பார். இன்னும் கொஞ்சம் வேண்டும் என்று தோன்றினால் மறுபடி இறக்குவார். போதும் என்றால் அலசல் தொட்டி, பிறகு ஹைப்போ தொட்டி. கடைசியில் பிலிமைப் பெரிய மர உருளைகளில் சுற்றிச் சுழலவிட்டு உலர்த்துவார்கள்.

இந்த முறையில் ஒரு பெருமை இருந்தது. ஒளிப்பதிவாளர் ஒளியைச் சற்றுக் குறைத்துக் கணித்திருந்தால், அனுபவமுள்ள கை அதைத் தொட்டியிலேயே ஓரளவு ஈடுகட்டும். கூடுதலாக ஒளி விழுந்திருந்தால் சீக்கிரம் வெளியே எடுத்துவிடும். ஒவ்வொரு சட்டத்துக்கும் தனி முடிவு, தனிக் கவனிப்பு. பல ஒளிப்பதிவாளர்கள் படப்பிடிப்பு முடிந்ததும் தாங்களே லேபுக்குப் போய், எந்தக் காட்சி எப்படி வர வேண்டும் என்று சொல்லிவிட்டு வருவார்கள். லேப் ஆளும் ஒளிப்பதிவாளரும் ஒரே படத்தை இரண்டு முனையிலிருந்து பிடித்து இழுத்து நேராக்கினார்கள்.

குறைகளும் இருந்தன. சட்டத்தின் மேல் முனையிலும் கீழ் முனையிலும் பிலிம் வளையும் இடத்தில் டெவலப்பர் ஓட்டம் மாறும். அங்கே படம் சற்றுக் கறுத்தோ வெளுத்தோ போகும். திரையில் சீரான இடைவெளியில் ஒரு மினுக்கம் தெரியும். டெவலப்பர் பழசாக ஆக அதன் வீரியமும் குறையும். காலையில் கழுவியதும் மாலையில் கழுவியதும் ஒன்றுபோல் இருக்காது. இதையெல்லாம் பார்வையாளர்கள் பொறுத்துக்கொண்டார்கள். பிரிண்டுகளுக்குச் சாயம் ஏற்றும் வழக்கமும் அன்று இருந்தது. இரவுக் காட்சிக்கு நீலம், விளக்கொளிக்கு மஞ்சள் என்று துண்டு துண்டாக நிறமேற்றி ஒட்டுவார்கள். அந்த நிறங்களுக்கு அடியில் சின்னச் சின்ன வேறுபாடுகள் மறைந்துவிடும்.

அன்றைய இன்னொரு வழக்கத்தையும் சொல்ல வேண்டும். நெகட்டிவிலிருந்து நல்ல நகல் நெகட்டிவ் எடுக்க அப்போது தகுந்த பிலிம் கிடையாது. அதனால் இரண்டு கேமராக்களைப் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தி ஒரே காட்சியை இரண்டு நெகட்டிவ்களாக எடுப்பார்கள். ஒன்று அமெரிக்காவுக்கு, மற்றொன்று வெளிநாட்டுக்கு. இன்று மௌனப் படங்களின் இரண்டு பிரதிகளை ஒப்பிட்டால் கோணம் இம்மியளவு மாறியிருப்பது இதனால்தான். 1920களின் பிற்பாதியில் கோடாக் நிறுவனம் நகலெடுப்பதற்கென்றே தனிப் பிலிமைக் கொண்டுவந்த பிறகு இந்த இரட்டை வேலை ஓய்ந்தது.

இந்த நிலையில்தான் ஒலி வந்தது. 1927க்குப் பின் ஓரிரு ஆண்டுகளில் ஸ்டூடியோக்கள் எல்லாம் பேசும் படத்துக்கு மாறின. தொடக்கத்தில் சில நிறுவனங்கள் ஒலியைத் தனி இசைத்தட்டில் பதிந்தன. விரைவிலேயே பிலிமின் ஓரத்தில், படத்துக்குப் பக்கத்திலேயே, ஒரு மெல்லிய பட்டையாக ஒலி இடம்பிடித்தது. அந்தப் பட்டையும் ஒரு புகைப்படம்தான். வெஸ்டர்ன் எலக்ட்ரிக் முறையில் அது கறுப்பிலிருந்து வெள்ளை வரை அடர்த்தி மாறிக்கொண்டே போகும் நுண்கோடுகளின் வரிசை. கோடுகளின் அடர்த்தி மாற்றமே குரலின் ஏற்ற இறக்கம். ஆகவே டெவலப்பர் தொட்டியில் நடக்கும் ஒவ்வொரு பிசகும் ஒலிபெருக்கியில் கேட்டுவிடும்.

கண் மன்னிக்கும் தன்மையுள்ளது. ஒரு முகம் பத்துச் சதவீதம் கறுத்துத் தெரிந்தால் நிழலில் நிற்கிறார் என்று எடுத்துக்கொள்ளும். காது அப்படியில்லை. மரச் சட்டத்தின் வளைவு படத்தில் வெறும் மினுக்கம். ஒலிப் பட்டையில் அது சீராக வந்துகொண்டே இருக்கும் ஒரு இடிப்பு. இதைவிட நுட்பமான ஒரு தொல்லை பிலிமின் துளைகளால் வந்தது. ஒவ்வொரு பிரேமுக்கும் ஓரத்தில் நான்கு துளைகள். நொடிக்கு 24 பிரேம். நான்கை 24ஆல் பெருக்கினால் 96. கழுவும்போது டெவலப்பர் இந்தத் துளைகள் வழியே பாய்ந்து, பக்கத்துப் பகுதியை மட்டும் சற்று அதிகமாகக் கறுக்க வைத்தால், நொடிக்கு 96 அதிர்வுள்ள ஒரு முனகல் படம் முழுக்க உரையாடலுக்கு அடியில் ஓடும். படத்தில் அந்த வேறுபாட்டை எந்தப் பூதக்கண்ணாடி வைத்தும் ஒருவரும் கவனித்திருக்க மாட்டார்கள். அரங்கில் உட்கார்ந்திருந்தவர்களின் காதில் அது விழுந்தது.

அதற்கும் மேல் ஒரு கணக்கு. ஒலி உருக்குலையாமல் இருக்க வேண்டுமானால், நெகட்டிவ் கழுவும்போது ஏறும் மாறுபாட்டின் அளவையும் பிரிண்ட் கழுவும்போது ஏறும் அளவையும் பெருக்கினால் 1 வர வேண்டும். இந்த அளவுக்குக் காமா என்று பெயர். படத்தின் பிரிண்டுக்கு நல்ல அழுத்தம் வேண்டும், அதன் காமா 2ஐ ஒட்டி இருக்கும். ஒரே பிரிண்டில்தான் ஒலியும் இருக்கிறது, இரண்டும் ஒரே தொட்டியில்தான் கழுவப்படுகின்றன. எனவே ஒலி நெகட்டிவை அரைப்பங்கு காமாவுக்குத் தனியாக, மிருதுவாகக் கழுவியாக வேண்டும். பிரிண்டைக் காட்சிக்குக் காட்சி கூட்டிக் குறைத்துக் கழுவும் பேச்சுக்கே இனி இடமில்லை. பிரிண்ட் தொட்டியின் நேரமும் வெப்பமும் வீரியமும் நிலையாக நிற்க வேண்டும். நின்றன.

இதே சமயத்தில் வேறொரு மாற்றமும் சிவப்பு விளக்கை அணைத்தது. பழைய ஆர்தோகுரோமேட்டிக் பிலிமுக்குச் சிவப்பு தெரியாது, அதனால் சிவப்பு விளக்கில் கையாளலாம். சிவப்பு உதடுகள் கறுப்பாகவும் நீல வானம் வெறும் வெள்ளையாகவும் வந்ததற்குக் காரணமும் அதுவே. எல்லா நிறங்களையும் உணரும் பான்குரோமேட்டிக் பிலிம் 1920களின் இறுதியில் ஸ்டூடியோக்களின் பொதுப் பிலிமாகிவிட்டது. அதைக் கழுவ முழு இருட்டு வேண்டும். கண்ணால் பார்த்துக் கழுவிய தொழிலாளிக்குப் பார்க்கவே வழியில்லாமல் போயிற்று.

அந்த இடத்தை எண்கள் பிடித்தன. ஒளியின் அளவுக்கும் பிலிமின் கறுப்புக்கும் உள்ள உறவை வரைபடமாக்கும் முறையை இங்கிலாந்தில் ஹர்ட்டர், டிரிஃபீல்டு என்ற இருவர் 1890லேயே வெளியிட்டிருந்தார்கள். நாற்பது ஆண்டுகள் அது பெரும்பாலும் ஆய்வுக்கூடத்து விஷயம். இப்போது ஹாலிவுட் லேப்களில் தினசரி வேலை ஆகிவிட்டது. படிப்படியாக ஒளி கூட்டப்பட்ட சோதனைப் பட்டையைக் குறித்த நேரம் தவறாமல் தொட்டியில் ஓட்டி, அதன் கறுப்பை டென்சிட்டோமீட்டரில் அளந்து, கோடு போட்டுப் பார்ப்பார்கள். கோடு சாய்ந்தால் டெவலப்பருக்குப் புதுக் கரைசல் ஊட்டுவார்கள்.

டெவலப்பரும் மாறியது. கோடாக் ஆய்வுக்கூடத்தில் ஜான் காப்ஸ்டாஃப் உருவாக்கிய டி-76 என்ற கலவையைப் பற்றி ஒரு வார்த்தை. லிட்டருக்கு மெட்டால் 2 கிராம், ஹைட்ரோகுவினோன் 5 கிராம், சோடியம் சல்ஃபைட் 100 கிராம், போராக்ஸ் 2 கிராம். அவ்வளவுதான். பழைய டெவலப்பர்களைப் போல் முரட்டுத்தனமாகக் கறுக்க வைக்காமல், போராக்ஸின் மென்மையான காரத்தில் மெதுவாக வேலை செய்து, நிழல்களுக்குள் இருக்கும் விவரங்களையும் நுண்ணிய துகளையும் காப்பாற்றியது. 1930களின் ஹாலிவுட் முகங்களில் நாம் ரசிக்கும் அந்த வெல்வெட் சாம்பலுக்குப் பாதிப் பெருமை இந்தக் கலவைக்கும் இதன் வழித்தோன்றல்களுக்கும் போக வேண்டும். புகைப்படக்காரர்கள் இன்றும் இதைக் கலக்கிக்கொண்டிருக்கிறார்கள்.

மரச் சட்டங்கள் போய் இயந்திரங்கள் வந்தன. பிலிம் நூற்றுக்கணக்கான உருளைகளின் மேல் ஏறி இறங்கி, டெவலப்பர், ஹைப்போ, அலசல், உலர்த்தும் அறை என்று நிற்காமல் ஓடும். டெவலப்பருக்குள் குழாய்கள் வழியே கரைசலைப் பீய்ச்சிக் கலக்கிக்கொண்டே இருப்பார்கள், எந்த இடத்திலும் தேங்கக் கூடாது என்று. வெப்பம் ஏறத்தாழ 18 டிகிரி செல்சியஸ், அதிலும் ஒரு டிகிரியின் பின்னத்துக்கு மேல் அசையக் கூடாது. இயந்திரம் நின்றால் உள்ளே இருக்கும் பிலிம் முழுதும் கெட்டுப்போகும். அதனால் ஒரு சுருளின் வாலில் அடுத்த சுருளின் தலையை இணைக்கிற நேரத்துக்கென்று பிலிமைத் தேக்கி வைக்கும் ஒரு அடுக்கு முன்னால் இருக்கும். அது தீர்வதற்குள் கும்மிருட்டில் விரல் தடவி இணைத்தாக வேண்டும்.

ஒளிப்பதிவாளர்களுக்கு இந்த ஏற்பாடு உடனே பிடித்துவிடவில்லை. தன் காட்சியைத் தன் விருப்பப்படி கழுவக் கூடாதா என்று கேட்டவர்களின் கோபம் நியாயமானது. எல்லாருக்கும் ஒரே நேரம், ஒரே காமா என்று லேப் விதித்துவிட்டால், பிழை திருத்தும் இடம் லேபிலிருந்து செட்டுக்கு நகர்கிறது. ஒளியை முன்கூட்டியே துல்லியமாகக் கணித்து வைத்தாக வேண்டும். ஆனால் யோசித்துப் பாருங்கள்: லேப் ஒருநாளும் மாறாது என்று உறுதி கிடைத்த பிறகுதான் ஒளிப்பதிவாளர் துணிச்சலான கணக்குகளைப் போட முடிந்தது. 1941இல் வந்த 'சிட்டிசன் கேன்' படத்தில் ஒளிப்பதிவாளர் கிரெக் டோலண்ட் வேகமான சூப்பர் எக்ஸ்எக்ஸ் பிலிமைப் போட்டு, லென்ஸை மிகச் சிறிய துவாரத்துக்குச் சுருக்கி, அருகிலிருப்பவரையும் அறையின் கோடியில் இருப்பவரையும் ஒருசேரத் தெளிவாகப் பிடித்தார். நேற்றுச் செய்ததைத் தொட்டி இன்றும் செய்யும் என்ற நம்பிக்கை இல்லாமல் அப்படி ஒரு படத்துக்கு ஒளி அமைக்க முடியாது. எண்களின் ஆட்சி கலையைக் கொன்றது என்று சொல்பவர்களோடு எனக்கு உடன்பாடு இல்லாததற்கு இதுவே காரணம்.

ஒரு இரவு அந்த லேபில் எப்படிப் போகும்? எம்.ஜி.எம்., பாரமவுண்ட், வார்னர், ஃபாக்ஸ் போன்ற பெரிய ஸ்டூடியோக்கள் சொந்த லேப் வைத்திருந்தன. எம்.ஜி.எம். லேபுக்கு ஜான் நிக்கோலஸ் தலைவர். சிறிய கம்பெனிகள் கன்சாலிடேட்டட் போன்ற வெளி லேப்களுக்குக் கொடுத்தன. மாலையில் படப்பிடிப்பு முடிந்ததும் பிலிம் டப்பாக்கள் வந்து சேரும். கூடவே ஒரு தாள், எந்த டேக்கைப் பிரிண்ட் போட வேண்டும் என்று வட்டம் போட்டு. நெகட்டிவ் முழுவதையும் கழுவுவார்கள், வட்டமிட்டவற்றை மட்டும் பிரித்துப் பிரிண்ட் எடுப்பார்கள். மறுநாள் தயாரிப்பாளரும் இயக்குநரும் ரஷ் எனப்படும் அந்தப் பிரிண்டைப் பார்ப்பார்கள். அதைப் பார்த்துத் திருப்தி வராத வரை செட்டைக் கலைக்க முடியாது. செட்டுக்கு ஆகும் வாடகை, நடிகர்களின் சம்பளம் எல்லாம் அந்த இரவு வேலையின் தலைமேல் நின்றது.

பிரிண்ட் எடுப்பதில் ஒரு கண் மட்டும் பதவி இழக்காமல் நீடித்தது. அதுதான் டைமர் எனப்பட்டவரின் கண். நம் ஊர் லேப்களில் கிரேடிங் என்று சொன்ன வேலை. நெகட்டிவை விளக்குக்கு எதிரே ஓடவிட்டுப் பார்த்து, இந்த ஷாட்டுக்கு இத்தனையாம் எண் ஒளி என்று குறிப்பார். அச்சு இயந்திரத்தில் ஒளிக்கு இருபதுக்குச் சற்று மேற்பட்ட படிகள் இருந்தன. நெகட்டிவின் விளிம்பில் வெட்டிய சிறு பள்ளம் வரும்போது ஒளி அடுத்த படிக்கு மாறும். தலைகீழான கறுப்பு வெள்ளையைப் பார்த்து, இந்த நடிகையின் கன்னம் திரையில் எப்படித் தெரியும் என்று சொல்லக்கூடிய ஆற்றல் அது. வெவ்வேறு ஒளியில் அடுத்தடுத்த பிரேம்களை அச்சிட்ட சோதனைத் துண்டுகள் துணைக்கு இருந்தன. முடிவு அவருடையது.

நெகட்டிவை வெட்டி ஒட்டும் வேலை பெரும்பாலும் பெண்கள் கையில் இருந்தது. எடிட்டர் பிரிண்டைத்தான் வெட்டுவார். அதன் விளிம்பில் அச்சாகியிருக்கும் எண்களைப் பார்த்து, அதே இடத்தில் அசல் நெகட்டிவை வெட்டுவார்கள் இவர்கள். பசை பிடிக்க மேல்பூச்சைச் சுரண்டி ஒட்ட வேண்டும். தவறாக வெட்டிய ஒரு பிரேமைத் திரும்பப் பெற வழியில்லை. மார்கரெட் பூத் 1915இல் இயக்குநர் டி.டபிள்யூ. கிரிஃபித்திடம் பிலிம் ஒட்டும் பெண்ணாகத்தான் சேர்ந்தார். பின்னாளில் எம்.ஜி.எம். ஸ்டூடியோவின் எடிட்டிங் பிரிவு முழுவதற்கும் தலைமை வகித்தார். அந்த மேசைகளில் உட்கார்ந்த மற்றவர்களின் பெயர்கள் நமக்குக் கிடைக்கவில்லை என்பதை நினைத்தால் வேதனையாக இருக்கிறது.

அவர்கள் கையாண்டது சாதாரணப் பொருளும் இல்லை. நைட்ரேட் பிலிம். எரியும்போது தனக்கு வேண்டிய ஆக்சிஜனைத் தானே கொடுத்துக்கொள்ளும். தண்ணீருக்குள் அமிழ்த்தினாலும் எரியும். 1937 ஜூலையில் நியூ ஜெர்சியின் லிட்டில் ஃபெரியில் ஃபாக்ஸ் நிறுவனத்தின் கிடங்கு எரிந்தபோது அதன் மௌனப் படங்களில் பெரும்பகுதி போய்விட்டது. எளிதில் தீப்பற்றாத அசிடேட் பிலிமை 1948இல் கோடாக் கொண்டுவந்து, சில ஆண்டுகளில் நைட்ரேட்டை நிறுத்தியது. அதுவரை லேப் வேலை என்பது ஒவ்வொரு நாளும் நெருப்பின் பக்கத்தில் செய்த வேலை.

இனி டெக்னிகலர் என்ற வண்ண முறை. கழுவும் கலை எட்டிய உச்சம் என்று நான் கருதுவது இதைத்தான். 1932இல் டிஸ்னியின் 'ஃப்ளவர்ஸ் அண்ட் ட்ரீஸ்' என்ற கார்ட்டூனில் மூன்று நிற முறை அறிமுகமானது. 1935இல் முழுநீளப் படமாக 'பெக்கி ஷார்ப்'. கேமராவுக்குள் ஒரு பட்டகம் ஒளியைப் பிரிக்க, மூன்று கறுப்பு வெள்ளை நெகட்டிவ்கள் ஒரே சமயத்தில் ஓடும். சிவப்புக்கு ஒன்று, பச்சைக்கு ஒன்று, நீலத்துக்கு ஒன்று. நெகட்டிவில் துளி நிறமும் கிடையாது. நிறம் முழுவதும் லேபில் பிறந்தது.

எப்படியென்றால், ஒவ்வொரு நெகட்டிவிலிருந்தும் மேட்ரிக்ஸ் என்ற தனிப் பிலிமுக்குப் படத்தை ஏற்றுவார்கள். அதற்கான டெவலப்பர், ஒளி பட்ட இடத்து ஜெலட்டினைத் தோல் பதனிடுவதைப் போல இறுகச் செய்யும். வெந்நீரில் அலசினால் இறுகாத ஜெலட்டின் கரைந்து போய், மேடும் பள்ளமுமாக ஒரு புடைப்புப் படம் மிஞ்சும். சிவப்பின் மேட்ரிக்ஸுக்குச் சயான் சாயம், பச்சைக்கு மெஜந்தா, நீலத்துக்கு மஞ்சள். சாயம் உறிஞ்சிய மேட்ரிக்ஸை வெற்றுப் பிலிமோடு அழுத்திச் சேர்த்து, ஊசிகள் பதித்த உலோகப் பட்டையின் மேல் ஓடவிடுவார்கள், துளைக்குத் துளை பிசகாமல் பொருந்தும்படி. சாயம் வெற்றுப் பிலிமுக்குள் இறங்கும். மூன்று சாயங்களுக்கும் மூன்று முறை. தொடக்க ஆண்டுகளில் அந்த வெற்றுப் பிலிமில் முன்னதாகவே ஒரு மங்கலான வெள்ளிப் படத்தை ஏற்றி வைத்து நிழல்களுக்கு அழுத்தம் கூட்டினார்கள். ஒலிப் பட்டையும் வெள்ளியில்தான் இருக்கும். இது ஏறக்குறைய வண்ண அச்சகத்தின் வேலை. ஒரு பிரேமில் அல்ல, லட்சக்கணக்கான பிரேம்களில்.

இந்தச் சாயம் தமிழ்த் திரைக்கும் வந்தது. 1959இல் பி.ஆர். பந்துலுவின் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' கேவாகலர் பிலிமில் எடுக்கப்பட்டு, லண்டனில் டெக்னிகலர் பிரதிகளாக அச்சாகி வந்தது. சிவாஜியின் உடைகளில் அன்று திரையரங்குகள் கண்ட சிவப்புக்கு அந்த லேபின் தொட்டிகளும் பொறுப்பு.

1950இல் ஈஸ்ட்மேன் கலர் நெகட்டிவ் வந்தது. மூன்று நிறங்களும் ஒரே பிலிமில். சாதாரணக் கேமரா போதும். மூன்று நெகட்டிவ் கேமராவில் எடுத்த கடைசி ஹாலிவுட் படம் 1955இன் 'ஃபாக்ஸ்ஃபயர்'. சாயம் ஏற்றும் அச்சுமுறை மட்டும் இன்னும் இருபது ஆண்டுகள் தாக்குப்பிடித்து, 1970களின் நடுவில் ஹாலிவுட்டில் மூடப்பட்டது.  எளிமைக்குக் கொடுத்த விலை பிறகுதான் தெரிந்தது. ஈஸ்ட்மேன் கலரின் சாயங்கள் நிலையற்றவை. இருபது, முப்பது ஆண்டுகளில் பிரிண்டுகள் இளஞ்சிவப்பாக வெளிறின, நெகட்டிவ்களும் தேய்ந்தன. டெக்னிகலரின் மூன்று நெகட்டிவ்களிலோ சாயமே இல்லை, வெள்ளி மட்டும். வெள்ளி வெளிறுவதில்லை. ஆனால் அந்தச் சுருள்கள் ஆண்டுகள் போகப் போக வெவ்வேறு அளவில் சுருங்கியிருக்கும். இன்று அவற்றைக் கணினியில் ஏற்றி, ஒன்றின் மேல் ஒன்றாகச் சரியாகப் பொருத்தி, 1930களின் நிறத்தை மீட்கிறார்கள்.

பேச்சை நிறுத்திக்கொள்கிறேன், இப்போது ஒரு துண்டுப் படம் காட்டப்போகிறோம். 1939இன் 'தி விசார்ட் ஆஃப் ஓஸ்'. கன்சாஸ் பகுதி கறுப்பு வெள்ளையில் எடுத்துப் பழுப்புச் சாயல் ஏற்றியது. ஓஸ் பகுதி டெக்னிகலர். நாயகி டோரதி கதவைத் திறக்கும் ஷாட்டில் இரண்டும் ஒரே பிரேமுக்குள் இருப்பதுபோல் தோன்றும். லேபில் அதைச் செய்வது எளிதல்ல. ஆகவே வீட்டின் உள்பக்கத்துக்கே பழுப்பு வண்ணம் அடித்து, பழுப்பு உடை அணிந்த மாற்று நடிகையைக் கதவைத் திறக்க வைத்து, முழு ஷாட்டையும் டெக்னிகலரில் எடுத்தார்கள். கதவு திறக்கும் வரை அந்தச் சுவர்களின் பழுப்பை உற்றுப் பாருங்கள். அதற்கு முந்தைய காட்சிகளின் பழுப்போடு அது எவ்வளவு ஒத்துப்போகிறது, எங்கே விலகுகிறது என்று கவனியுங்கள். படம் முடிந்ததும் கேள்விகளை எடுத்துக்கொள்வோம்.